இரண்டு தட்டு சாப்பிட்டவர்கள்

என் தங்கையைப் பெண் பார்க்க வந்தவர்கள் ஆளுக்கு இரண்டு தட்டு சாப்பிட்டார்கள். பரிமாறியவள் நான், அதனால் கணக்கு எனக்குத் தெரியும். பையனுடைய அம்மா மட்டும் மூன்றாவது தடவையும் தட்டை நீட்டி, "சாஸ் மட்டும் கொஞ்சம் வுடும்மா, பாஸ்தா வேணாம்" என்றார். விட்டேன். வழித்துச் சாப்பிட்டார். ஒன்பதாம் நாள் ஆள் அனுப்பி, உங்கள் வீட்டில் நாங்கள் எங்கே சாப்பிட்டோம் என்று கேட்டார்கள். நினைத்தால் இன்றும் எனக்கு வயிறு எரிகிறது.

விவரம் தெரியாதவர்களுக்கு இது அற்ப விஷயமாகத் தோன்றும். எங்கள் பக்கத்தில் பெண் பார்க்க வருகிறவர்கள் பெண் வீட்டில் சாப்பாட்டுக்கு உட்கார மாட்டார்கள். பஜ்ஜி, கேசரி, காபி, அதோடு எழுந்துவிட வேண்டும். சம்பந்தம் முடிவான பிறகுதான் கை நனைப்பார்கள். நனைத்துவிட்டால் பிறகு பேச்சே கிடையாது. பசி மயக்கத்தில் ஒரு கவளம் ரசஞ்சோறு சாப்பிட்டுவிட்டு, அந்த ஒரு கவளத்துக்காகவே மகனுக்கு அந்த வீட்டுப் பெண்ணைக் கட்டி வைத்த மனிதர் எங்கள் தெருவில் இன்றும் இருக்கிறார். மருமகளோடு தினம் சண்டை போடுகிறார், ஆனால் சாப்பிட்டது சாப்பிட்டதுதான் என்பார். அவர் மனிதர்.

நான் கறி வெட்டுகிறவள். கடற்கரைச் சாலையில் ஒரு பெரிய ஹோட்டலில் பாத்திரம் கழுவப் போனேன். அங்கே கறி வெட்டும் பிரிவில் பன்றி வந்து இறங்கினால் பையன்கள் ஆளுக்கொரு வேலை சொல்லிக்கொண்டு நழுவிவிடுவார்கள். நான் நழுவவில்லை. பதினோரு வருடம் அந்தக் குளிர் அறையில் ஸ்வெட்டர் போட்டுக்கொண்டு நின்றேன். முழுப் பன்றியை எலும்பிலிருந்து பிரிக்கவும், குடலில் கறியை அடைத்துச் சாசேஜ் போடவும், தொங்கவிட்டுக் காயவைக்கவும் கற்றேன். அம்மா இறந்த பிறகு நைனாவையும் தங்கையையும் பார்த்துக்கொள்ள உத்திரமேரூருக்கே வந்துவிட்டேன். இப்போது ஒரு கம்பெனி கேன்டீனில் வேலை. விடுமுறை நாட்களில் வீட்டில் சாசேஜ் போடுவேன். கேன்டீன் சாம்பாரைக் கிளறிக் கிளறிக் கை அந்த வேலையை மறந்துவிடக் கூடாது என்பதற்காக.

எங்கள் தெருவில் பன்றிக்கறி சாப்பிடாத வீடு கிடையாது. ஆனால் அதைச் சொல்லத்தான் யாருக்கும் நாக்கு வராது. பிள்ளைகள் படித்து, கம்பெனிக்குப் போய், சட்டையை உள்ளே விட ஆரம்பித்ததும் "சீச்சீ, அதெல்லாம் எங்க அப்பா காலத்துல" என்பார்கள். அன்று மாலையே வெண்பன்றி என்று போர்டு போட்ட கடையில் கறுப்புப் பையோடு நிற்பார்கள். இந்தக் கறுப்புப் பையைப் பார்த்தாலே எனக்குப் பற்றிக்கொண்டு வரும். உன் காசு, உன் வாய், உன் வயிறு. எதற்கு மறைக்கிறாய்?

அந்த வரன் செங்கல்பட்டிலிருந்து வந்தது. எங்கள் சனம்தான். பையன் ஒரு கம்பெனியில் சூப்பர்வைசர். சொந்த வீடு. தரகு பேசியவர் நைனாவுக்குத் தூரத்துச் சொந்தம், எங்களுக்கு மாமா முறை. என் தங்கை இங்கே ஒரு தனியார் லேபில் ரத்தம் எடுக்கிற வேலை பார்க்கிறாள். அதற்கு முன்னால் வந்த இரண்டு வரன்களும் கல்யாணத்துக்குப் பிறகு வேலைக்குப் போகக் கூடாது என்றதால் அவளே வேண்டாமென்று சொல்லிவிட்டாள். இந்தப் பையனோடு பெரியவர்கள் சம்மதத்தோடு மூன்று வாரம் போனில் பேசினாள். பேசிவிட்டு வரும்போதெல்லாம் சிரிப்பை மறைக்க முகத்தைக் கழுவிக்கொண்டு வருவாள். எனக்குப் புரிந்தது, கேட்கவில்லை.

வழக்கம்போல பஜ்ஜிக்கு வாழைக்காய் வாங்கி வைத்திருந்தேன். அவர்கள் வருவதாக இருந்த ஞாயிறுக்கு இரண்டு நாள் முன்பு மாமா போன் செய்தார். "பெரிய பொண்ணு ஹோட்டல்ல செய்வாளே, சாசேஜ் போட்ட பாஸ்தா, அதையே செய்யச் சொல்றாங்க. பையனுக்கு அதான் புடிக்குமாம்." தங்கை போனில் என் சமையலைப் பற்றிப் பெருமையடித்திருக்கிறாள்.

"மாமா, அது பன்னிக்கறி. தெரியுமா அவங்களுக்கு?"

"தெரியும், தெரியும். அவங்களும் நம்ம ஆளுங்கதான?"

பன்றிக்கறி என்பது ஒரு பக்கம் இருக்கட்டும். பெண் பார்க்க வருகிற இடத்தில் வயிறு நிறைகிற பண்டத்தைக் கேட்டு வாங்கிச் சாப்பிடுவதென்றால் என்ன அர்த்தம்? நைனா அதை ஒரே அர்த்தத்தில்தான் எடுத்துக்கொண்டார். "முடிவே பண்ணிட்டுதான் வராங்க போலக்கீது" என்று அன்றைக்கே சவரம் செய்துகொண்டார்.

சனிக்கிழமை சாசேஜ் போட்டோம். சாலவாக்கம் போகும் வழியில் உள்ள பண்ணையில் முன்னந்தொடைக் கறி வாங்கினேன். மூன்று பங்கு கறிக்கு ஒரு பங்கு கொழுப்பு. கல்லுப்பு, இடித்த மிளகு, சோம்பு, பூண்டு, காய்ந்த மிளகாய். கறி விரல் மரத்துப்போகிற அளவுக்குக் குளிர்ந்திருக்க வேண்டும், இல்லாவிட்டால் கொழுப்பு உருகி எல்லாம் கூழாகிவிடும். அதனால் கீமா மெஷினையும் சேர்த்தே ஃப்ரீசரில் வைத்தேன். ஹோட்டலில் கறியை அடைக்கிற உறை உப்புப் போட்டு டப்பாவில் வரும். இங்கே ஆட்டுக்குடல்தான். உள்ளை வெளியாகத் திருப்பி, உப்பும் எலுமிச்சையும் போட்டுத் தேய்த்து, கரண்டிப் பின்புறத்தால் சுரண்டிச் சுரண்டி, வெளிச்சத்தில் பிடித்தால் அந்தப் பக்கம் தெரிகிற வரைக்கும் வழிக்க வேண்டும். அரை நாள் வேலை. முதுகு விட்டுப் போகும்.

புதிய புனல் ஒன்றின் குழாயில் குடலை மாட்டி நான் கறியைத் தள்ளத் தள்ள, தங்கை மறுமுனையைப் பிடித்துக்கொண்டிருந்தாள். உள்ளே காற்று தங்கினால் வாணலியில் வெடித்துவிடும், ஊசியால் குத்தி விட வேண்டும். அவள் லேபிலிருந்து பிரிக்காத ஊசி ஒன்றைக் கொண்டுவந்து, ஒவ்வொரு குமிழாகத் தேடிக் குத்தினாள். ஒன்றுகூடத் தப்பவில்லை.

"நரம்பே தெரியாத கையில ரத்தம் எடுக்கறேன், இது இன்னாக்கா பெரிய வேலை" என்றாள். பிறகு தலையைத் தூக்காமலே, "வேலைக்குப் போறதப் பத்தி அவர்கிட்ட கேட்டேன்க்கா. போனா எனக்கு இன்னா, நானுந்தான போறேன்னாரு" என்றாள்.

"புடிச்சிருக்குதா?"

"பரவால்ல."

பரவாயில்லை என்று அவள் சொன்ன விதத்தில், எனக்கு அந்தப் பையனை அப்போதே பிடித்துவிட்டது. அதை நினைத்தாலும் இப்போது கோபமாகத்தான் இருக்கிறது.

ஞாயிறு காலையில் சாஸ். இரண்டு கிலோ நாட்டுத் தக்காளி. பெங்களூர் தக்காளி நிறம் கொடுக்கும், புளிப்பு கொடுக்காது. வெந்நீரில் போட்டுத் தோலை உரித்துக் கையாலேயே பிசைந்து வைத்தேன். இரும்பு வாணலியில் கடலை எண்ணெய் கொஞ்சம் விட்டு, சாசேஜை வட்டம் வட்டமாக வெட்டிப் போட்டு, இரண்டு பக்கமும் சிவக்க வைத்து எடுத்தேன். அந்தக் கொழுப்பிலேயே வெங்காயம், பூண்டு, அப்புறம் தக்காளி. சிறு தீயில் ஒரு மணி நேரம், எண்ணெய் ஓரத்தில் ஒதுங்கும்வரை. மறுபடி சாசேஜைப் போட்டு இறக்கும்போது திருநீற்றுப்பச்சிலையைக் கிள்ளிப் போட்டேன். ஹோட்டலில் இதே வாசனை இலை குளிர்பெட்டியில் வந்து இறங்கும், பூப்போலக் கையாளச் சொல்வார்கள். எங்கள் வீட்டுக் குழாயடியில் அது தானாக முளைத்துக் கிடக்கிறது. கடையில் வாங்கிய பாஸ்தா, பேனா முனை போலச் சீவிய குழல். உப்புத் தண்ணீரில் வேகவைத்துச் சாஸோடு புரட்டினேன்.

பதினோரு மணிக்கு வந்தார்கள். பையன், அவன் அப்பா, அம்மா, கூட மாமா. தட்டில் வைப்பதற்கு முன் நானே மறுபடியும் சொன்னேன். "அம்மா, இது பன்னிக்கறி. வேணாம்னா பஜ்ஜி ரெடியா கீது."

அந்த அம்மா சிரித்தார். "இன்னாம்மா புதுசா சொல்ற? எங்க வூட்டுக்காரருக்கு அது இல்லன்னா ஞாயித்துக்கெழமையே கெடையாது. ஜன்னலைச் சாத்திக்கினு செய்வேன், அவ்ளோதான்."

ஜன்னலைச் சாத்துவேன் என்றபோதே நான் விழித்துக்கொண்டிருக்க வேண்டும். விழிக்கவில்லை. எல்லாரோடும் சேர்ந்து சிரித்தேன். ஸ்பூன் கொடுத்தேன், ஒதுக்கி வைத்துவிட்டுக் கையாலேயே சாப்பிட்டார்கள். பையனின் அப்பா ஒரு வட்டத்தைக் கடித்துவிட்டுக் கண்ணை மூடிக்கொண்டார். இரண்டாவது தட்டுக்கு யாரும் வற்புறுத்தவில்லை. கை கழுவ நானே தண்ணீர் ஊற்றினேன். போகும்போது அந்த அம்மா தங்கையின் கன்னத்தைத் தடவி, "கலந்துக்கினு சொல்றோம்" என்றார்.

கலந்துகொள்ள இனி என்ன இருக்கிறது என்றுதான் நாங்கள் நினைத்தோம். நைனா நெல் மண்டியில் மூட்டை தூக்குகிறவர். மறுநாள் மண்டி முழுக்க, "கை நனைச்சிட்டாங்க, தையில கல்யாணம்" என்று சொல்லிவிட்டார். காஞ்சிபுரம் பக்கத்திலிருந்து இன்னொரு வரன் விசாரித்துக்கொண்டிருந்தது. நல்ல இடம். அவர்களிடம் நானே போன் செய்து, முடிந்துவிட்டது என்றேன். என் வாயாலேயே சொன்னேன்.

ஒன்பதாம் நாள் மாமா வந்தார். வாசலிலேயே நின்றுகொண்டு, "அவங்க வேணாங்கறாங்க" என்றார். பெண் மேல் குறை ஒன்றுமில்லையாம். "அக்காகாரி பன்னி வெட்டறவளாம், நாளைக்கு எங்க தெருவுல, ஆபீஸ்ல யாராச்சும் கேட்டா இன்னா சொல்றதுன்னு யோசிக்கறாங்க."

நான் வாசலுக்கே ஓடினேன். "துன்னாங்களே மாமா! ஆளுக்கு ரெண்டு தட்டு துன்னாங்களே! அப்ப தெரியலியா யாரு வெட்டனதுன்னு?"

"அதத்தான் நானும் கேட்டேன். அது நாஷ்டா தான, நாஷ்டா துன்னதுக்கெல்லாம் சம்பந்தம் ஆயிடுமாங்கறாங்க. சோறு போடலியாம் நீங்க."

நாஷ்டா. பதினோரு மணிக்கு வந்து, ஒரு மணிவரை உட்கார்ந்து, இரண்டு தட்டு பாஸ்தாவும் முக்கால் கிலோ கறியும் சாப்பிட்டது நாஷ்டா, காலைப் பலகாரம்!

அந்த வாரம் தெருக்குழாயடியில் இதே பேச்சு. மாவில் செய்தது பலகாரம்தான், சோறாகாது என்றது ஒரு கட்சி. பரோட்டாவும் மாவுதான், அதைச் சாப்பிட்டுவிட்டுப் படுக்கிறவன் பட்டினியாகவா படுக்கிறான் என்றது இன்னொரு கட்சி. கறி போட்டாலே சாப்பாடுதான் என்று நியாயம் பேசினாள் எதிர்வீட்டு அக்கா. ஒரு பெண்ணின் வாழ்க்கை அந்தரத்தில் நிற்கிறது, இவர்கள் பாஸ்தா சோறா இல்லையா என்று பஞ்சாயத்து பண்ணுகிறார்கள். குடத்தைத் தூக்கி அடிக்கலாமா என்றிருந்தது. கொடுமை என்னவென்றால், நானும் ஒரு நாள் அந்த வாதத்தில் புகுந்து, கோதுமையும் தானியம்தான் என்று கத்தினேன்.

பையன் போன் செய்வதை நிறுத்திவிட்டான். தங்கை காலையில் லேபுக்குப் போனாள், மாலையில் வந்தாள். முகம் கழுவிக்கொண்டு வருவது நின்றுபோனது. "என்னாலதான்டி" என்று ஒருமுறை சொன்னேன். "லூசாக்கா நீ" என்றாள், அவ்வளவுதான். காஞ்சிபுரத்து வரனுக்கு அதற்குள் வேறு பெண் பார்த்து முடித்திருந்தார்கள்.

நாலு மாதம் கழித்து மாமா மறுபடி வந்தார். இந்தத் தடவை உள்ளேயே வந்து உட்கார்ந்தார். பையன் வேறு எந்தப் பெண்ணையும் பார்க்க மாட்டேன் என்கிறானாம். பெற்றவர்கள் இறங்கி வந்துவிட்டார்களாம். ஞாயிறன்று வந்து, முறையாகச் சோறே சாப்பிட்டு, முடித்துவிட்டுப் போகிறார்களாம். "ஒண்ணே ஒண்ணுதான். அக்கா கேட்டரிங் பண்றாங்கன்னு பொதுவா சொல்லிக்கலாம். அந்தக் கறி வேலைய கொஞ்சம் வுட்டுட்டா..."

நான் கத்திய கத்தலில் மாமா செருப்பைத் தேடினார். கேட்டரிங்காம்! என் கை செய்ததை நக்கிச் சாப்பிட்ட வாய், என் கையை ஒளித்துவைக்கச் சொல்கிறது. ஆனால் நைனா மெதுவாக, "கேட்டரிங்னு சொன்னா இன்னா கொறஞ்சி பூடும்?" என்றார். அதுதான் என்னை உட்கார வைத்தது. அவரைச் சொல்லி என்ன பயன். பதினோரு வருடம் மண்டியில் அவர், "என் பெரிய பொண்ணு ஹோட்டல்ல மேனேஜரு" என்று சொன்னபோது நான் திருத்தினேனா? இல்லை. தங்கையின் முதல் வரன் வந்தபோது, என்ன வேலை என்று கேட்டவர்களிடம் "சமையல்" என்று மட்டும் சொன்னேன். என்னிடமும் ஒரு கறுப்புப் பை இருந்திருக்கிறது.

"வரச் சொல்லு நைனா" என்றாள் தங்கை.

சனிக்கிழமை என்னைச் சாசேஜ் போடச் சொன்னாள். முடியாது என்றேன். அவளே பண்ணைக்குப் போய்வந்தாள். அவளே குடலைச் சுரண்டினாள். ஞாயிறு காலை, "நீ அடுப்பாண்ட வராதக்கா" என்று என்னைக் கூடத்தில் உட்கார வைத்துவிட்டாள். பானையில் சோறு வெந்தது. பக்கத்து அடுப்பில் தக்காளியும் சாசேஜும் கொதிக்கிற வாசனை. அடுப்படி ஜன்னல் திறந்தே கிடந்தது. இவ்வளவு நடந்த பிறகும் இவளுக்கு அந்த வீடு வேண்டியிருக்கிறதே என்று எனக்கு அவள்மேலேயே ஆத்திரம் வந்தது.

அவர்கள் வந்தார்கள். பூ, பழத்தட்டு எல்லாம் கொண்டுவந்திருந்தார்கள். தங்கை ஒரு தட்டு பஜ்ஜியும் நாலு டம்ளர் காபியும் கொண்டுவந்து வைத்தாள். வைத்துவிட்டு உள்ளே போகாமல், நைனா பக்கத்தில் நாற்காலி போட்டு உட்கார்ந்தாள். பையனை நேராகப் பார்த்துக் கேட்டாள்.

"உங்க ஆபீஸ்ல யாராச்சும் எங்க அக்கா இன்னா வேலை செய்றாங்கன்னு கேட்டா, நீங்க இன்னா சொல்வீங்க?"

அவன் முகம் சிவந்தது. நல்ல முகம்தான், அதையும் சொல்லிவிட வேண்டும். அம்மாவைப் பார்த்தான். அம்மா டம்ளரைப் பார்த்தார். என் தங்கை காத்திருந்தாள். அவசரப்படுத்தவே இல்லை. நரம்பு கிடைக்காத கையைப் பிடித்துக்கொண்டு அவள் அப்படித்தான் காத்திருப்பாள்.

"கேட்டரிங்னு..." என்றான்.

"சரி" என்றாள்.

பஜ்ஜி ஆறியது. மணி ஒன்று. சாஸ் வாசனை கூடத்தை நிறைத்துக்கொண்டு நின்றது. பையனின் அப்பா இரண்டு முறை அடுப்படிப் பக்கம் எட்டிப் பார்த்தார். கடைசியில் அந்த அம்மாதான், "எல போட்டுடலாமே, நேரமாவுதே" என்றார்.

"நாங்க இன்னும் முடிவு பண்ணலீங்க" என்றாள் தங்கை. "முடிவு பண்ணாம சோறு போடற வழக்கம் எங்க வூட்ல இல்ல."

"அன்னிக்கு மட்டும் போட்டீங்க?"

"அது நாஷ்டாங்க."

பழத்தட்டை எடுத்துக்கொண்டு போனார்கள். பையன் கடைசியாகப் போனான். வாசலில் குனிந்து ஷூவை வெகுநேரம் மாட்டினான். இப்போதாவது திரும்பி ஒரு வார்த்தை சொல்வான் என்று நான் நினைத்தேன். கறி வெட்டறாங்கன்னு சொல்வேன் என்று ஒரே ஒரு வார்த்தை. அதைச் சொல்லியிருந்தால் அவள் அடுப்படிக்குப் போய் இலையைக் கழுவியிருப்பாள். அவன் முதுகை அவள் பார்த்துக்கொண்டிருந்த விதத்தில் எனக்கு அது தெரிந்தது. சோறு அவனுக்காகத்தான் வெந்திருக்கிறது. அவன் ஷூவை மாட்டிக்கொண்டு போய்விட்டான்.

நாங்கள் மூன்று பேரும் உட்கார்ந்து சாப்பிட்டோம். சோற்றின்மேல் சாஸைப் போட்டுப் பிசைந்தோம். உப்பு, காரம் எல்லாம் சரியாக இருந்தது. நைனா சாப்பிட்டு முடித்து, மண்டிப் பக்கம் போய்வருகிறேன் என்று துண்டை எடுத்தார். வாசலில் நின்று, யாரோ கேட்டதற்கு, "என் பெரிய பொண்ணா? கறி வெட்டறா" என்று அவர் சொன்னது உள்ளே கேட்டது.

முதல் தட்டை என் தங்கை நன்றாகத்தான் சாப்பிட்டாள். இரண்டாவது தட்டு போடும்போது அழுதாள்.